இருப்பின் சான்று

ஓட்டுநர் உரிமம் ஒருவனுக்குக் கைவந்த காரியத்தைச் சொல்கிறது. வண்டி ஓட்டாதவனுக்கு அரசு தரும் அட்டையோ அவன் இன்னான் என்பதோடு நின்றுவிடுகிறது. 1993-ல் வாக்காளர் அட்டை வந்தது, 2010-ல் ஆதார். திறமை எதையும் கேளாமல் இருப்பை மட்டும் உறுதி செய்பவை இவை.

வங்கியில் கணக்குத் தொடங்க, முன்பு, ஏற்கெனவே கணக்குள்ள ஒருவர் அறிமுகக் கையெழுத்திட வேண்டும். மனிதனுக்கு மனிதனே சாட்சியாக இருந்த காலம் என்று அதற்காக ஏங்குகிறவர்கள் உண்டு. திருவாண்டார்கோயில் பக்கத்தில் வேலை பார்க்கும் எனக்கு அந்த ஏக்கம் இல்லை. ஊரும் சேரியுமாகப் பிரிந்த கிராமங்களில் கணக்கு யாரிடம் இருந்திருக்கும்? நடவுக்குப் போகும் ஒருத்தி கையெழுத்துக்காக நிலக்காரர் வாசலில் நிற்க வேண்டும். சாட்சி என்பது அங்கே தயவு. அட்டை அந்தத் தயவை அநாவசியமாக்கியது.

காகிதம் விடுதலையாவது புதுச்சேரிக்குப் புதிதல்ல. 1881-ம் ஆண்டு பிரெஞ்சு ஆணைப்படி தம் மரபுவழிச் சட்டத்தைத் துறந்தவர்கள் புதிய குடும்பப் பெயர் பூண்டார்கள். சாதிக் கட்டிலிருந்து வெளியேறும் வாசலாக அதைக் கண்டவர்கள் உண்டு.

ஆனால் நாற்று நட்டுத் தேய்ந்த விரலைக் கருவி சில வேளை ஏற்பதில்லை. எதிரே உட்கார்ந்திருக்கும் எனக்கு அவளைத் தெரியும். என் அறிவு செல்லாது. அட்டை அவளை நிலக்காரரிடமிருந்து விடுவித்தது. கூடவே, அவளை அறிந்திருக்கும் பொறுப்பிலிருந்து என்னையும் விடுவித்துவிட்டது. முதல் விடுதலை நியாயம். இரண்டாவதை நான் ஏற்க வேண்டியதில்லை. தெரிந்தவளிடம் அட்டை கேட்கச் சொல்வது விதி. தெரியாதவளாக அவளைப் பார்க்கச் சொல்லி எந்த விதியும் இல்லை.