யார் வெட்டிய பள்ளம்?

வேலூரிலிருந்து போளூர் போகும் சாலையில், ஜவ்வாது மலையின் அடிவாரத்தை ஒட்டி இருக்கிறது கண்ணமங்கலம். அமிர்திக் காட்டுப் பக்கமிருந்து இறங்கும் நாகநதி இந்த ஊர் வழியாக ஓடுகிறது. ஓடுகிறது என்று சொல்வது நதிக்குச் செய்யும் மரியாதை. ஆண்டில் பல மாதங்கள் அங்கே கிடப்பது மணல். இந்த நதியிலும் அதற்கு வந்து சேரும் ஓடைகளிலும் வட்டமாக வெட்டி, சிமென்ட் உறை இறக்கிய குழிகள் இருக்கின்றன. மேட்டுப் பக்கம் போனால், சரிவுக்குக் குறுக்கே கல்லை அடுக்கிய தடுப்புகள். வாழும் கலை அமைப்பு வழிகாட்ட, நூறு நாள் வேலைத் திட்டத்தில் வேலூர், திருவண்ணாமலை மாவட்டப் பெண்கள் வெட்டியவை, அடுக்கியவை. 2021 செப்டம்பர் 26 அன்று பிரதமர் தன் வானொலி உரையில் நாகநதியைக் குறிப்பிட்டார். வற்றிப்போன ஆற்றைப் பெண்கள் மீட்டார்கள் என்றார். ஆயிரக்கணக்கானவர்களைப் பெயர் சொல்லிப் பாராட்ட எந்த வானொலியிலும் நேரம் இருக்காது.

மலையில் விழும் மழை பாறைமேல் தங்காது, விழுந்த வேகத்தில் இறங்கிவிடும். கல் தடுப்பு அதை மறிப்பதில்லை, நடையைத் தளர்த்துகிறது. கூட வரும் மண் கல்லுக்கு மேற்புறம் படிகிறது. வேகம் தணிந்த நீர் ஓடைக்கு வந்ததும் உறைக்குள் இறங்கி, நீரை விடாத களிமண் அடுக்கைத் தாண்டி, பாறை வெடிப்புகளில் போய்ச் சேர்கிறது. அடி காய்ந்த ஆற்றில் மேலே எவ்வளவு பெய்தாலும் நிற்காது. முதலில் சுற்றியுள்ள கிணறுகளில் மட்டம் ஏற வேண்டும். ஆற்றின் முறை அதற்குப் பிறகுதான்.

இதைக் கலை என்று யாரும் சொன்னதில்லை. சொல்ல வேண்டும் என்று நானும் வாதாடவில்லை. ஆனால் இதே காரியத்தை, தண்ணீர் என்ற காரணத்தை மட்டும் நீக்கிவிட்டு அமெரிக்காவில் செய்தபோது அது கலை வரலாற்றில் ஓர் அத்தியாயம் ஆயிற்று. 1969இல் நெவாடா பாலைநிலத்தில் மைக்கேல் ஹைசர் ஒரு மேட்டின் விளிம்பை வெடிவைத்தும் புல்டோசர் விட்டும் பிளந்தார். 1,500 அடி நீளம், 50 அடி ஆழம். அப்புறப்படுத்திய பாறை 2,40,000 டன். ‘டபுள் நெகட்டிவ்’ என்பது அந்தப் பள்ளத்தின் பெயர். மறு ஆண்டு யூட்டா மாநிலத்துப் பெரிய உப்பு ஏரியில் ராபர்ட் ஸ்மித்சன் கருங்கல்லையும் மண்ணையும் லாரியில் கொட்டி, 1,500 அடி நீளத்துக்குச் சுருள் வடிவில் ஒரு கரை போட்டார். அதுதான் ‘ஸ்பைரல் ஜெட்டி’. சில ஆண்டுகளில் ஏரி உயர்ந்து அதை மூழ்கடித்தது. வறட்சி வந்து, 2002 வாக்கில் உப்புப் படிந்த வெள்ளை வடிவமாக வெளியே விட்டது.

காட்சிக்கூடத்தின் வெள்ளைச் சுவர்களையும் அங்கே நடக்கும் விற்பனையையும் உதறிவிட்டு நிலத்துக்குப் போவது அவர்கள் நோக்கம். போனார்கள். இன்று ஹைசரின் பள்ளம் லாஸ் ஏஞ்சல்ஸில் உள்ள ஒரு சமகாலக் கலை அருங்காட்சியகத்தின் சொத்து. ஸ்மித்சனின் சுருள் 1999இலிருந்து டையா கலை அறக்கட்டளையிடம் இருக்கிறது. அடியில் உள்ள ஏரித்தரை மாநில அரசின் குத்தகை நிலம். 2011இல் குத்தகை காலாவதியாகி, அதைப் புதுப்பிப்பது யார் என்று கொஞ்ச காலம் இழுபறி நடந்தது. சுவரை விட்டு வெளியேறிய கலைக்குப் பட்டாவை விட்டு வெளியேற வழி தெரியவில்லை.

அந்த 2,40,000 டன்னைக் கேட்டால் நம் வட மாவட்டக் கல்குவாரிக்காரர் ஒருவர் சிரித்துவிடுவார். படிப்படியாக வெட்டி இறங்கிய குழி, கம்பியால் அறுத்த வழவழப்பான பாறைச் சுவர், அடியில் தேங்கிய பச்சைத் தண்ணீர். படம் பிடித்துச் சட்டம் போட்டு ஒரு தலைப்பும் கொடுத்தால் சென்னையில் எந்தக் காட்சிக்கூடமும் வேண்டாம் என்று சொல்லாது. மலையை மழை குடைந்தால் அரிப்பு. குத்தகைதாரர் குடைந்தால் வருவாய். கலைஞர் குடைந்தால் படைப்பு. மலைக்கு இந்த வகைப்பாடு தெரிந்திருக்க வாய்ப்பில்லை.

ஸ்மித்சனை இதோடு விட்டுவிடுவது நியாயமில்லை. குவாரி என்ற கேள்வியை அவர் அப்போதே கேட்டவர். வெட்டிப் பாழாக்கிய சுரங்கங்களை மூடி மறைக்காமல் அவற்றையே கலையாக மீட்கலாம் என்று சுரங்க நிறுவனங்களை அணுகினார். யூட்டாவின் பிங்காம் செம்புச் சுரங்கத்தின் பிரம்மாண்டக் குழிக்கு 1973இல் ஒரு திட்டம் வரைந்தார். அது வரைபடமாகவே நின்றது. அதே ஆண்டு ஜூலையில், டெக்சாஸில் தன் அடுத்த படைப்புக்கான இடத்தை வானிலிருந்து பார்க்கப் போனபோது விமானம் விழுந்து இறந்தார். வயது 35. பாழான குழியைக் கலை மீட்டால், குழி வெட்டியவர் புதிதாக ஒரு குழி வெட்ட மனச்சாட்சி இடங்கொடுத்துவிடாதா என்ற சந்தேகம் எனக்கு உண்டு. அதைக் கேட்க அவர் இல்லை.

மண்ணைப் புரட்டாத நிலக்கலையும் இருக்கிறது. இங்கிலாந்தில் ரிச்சர்ட் லாங் 1967இல், மாணவராக இருக்கும்போதே, ஒரு புல்வெளியில் போவதும் வருவதுமாக நடந்தார். புல் மடங்கி நேர்கோடாகத் தெரிந்தது. படம் எடுத்துக்கொண்டு போய்விட்டார். புல் நிமிர்ந்திருக்கும். படம் லண்டன் டேட் அருங்காட்சியகத்தின் தொகுப்பில் இருக்கிறது. நூறு நாள் வேலையிலும் ஏறக்குறைய இதே நடைமுறைதான் இருந்தது. குழிக்கு மூன்று படம்: வெட்டுமுன், வெட்டும்போது, வெட்டியபின், ஒவ்வொன்றும் அட்சரேகை, தீர்க்கரேகையோடு. 2023 முதல் வேலைக்கு வந்தவர்களையும் நாளுக்கு இருமுறை கைப்பேசிச் செயலியில் படமெடுத்து ஏற்ற வேண்டும் என்றார்கள். மலையடிவாரத்தில் சிக்னல் கிடைப்பதைப் பொறுத்ததாக இருந்தது அன்றைய கூலி. லண்டன் கலையுலகமும் டெல்லி ஊரக வளர்ச்சி அமைச்சகமும் கலந்து பேசிக்கொண்டதில்லை. ஆனாலும் நிலத்தில் ஒருவர் செய்தது, படமான பிறகுதான் செய்ததாக ஆகும் என்பதில் இருவருக்கும் ஒரே கருத்து.

படத்துக்கு முன்பிருந்த ஒரு வழக்கம் இதே ஜவ்வாது மலையின் தென்புறத்தில் கிடக்கிறது. செங்கம் வட்டாரத்து நடுகற்களைத் தமிழ்நாடு தொல்லியல் துறை 1972இல் இரா. நாகசாமியைப் பதிப்பாசிரியராகக் கொண்டு நூலாக்கியது. எடுத்தனூர்க் கல் பலருக்குத் தெரிந்திருக்கும். மகேந்திரவர்மப் பல்லவன் காலத்தில், தன் எருமைகளுக்காகச் சண்டையிட்டு விழுந்த கருந்தேவக்கத்திக்கு எழுப்பியது. அவன் பக்கத்தில் அவன் நாயும் நிற்கிறது. நாயின் பெயர் கோவிவன். இரண்டு திருடர்களைக் கடித்துக் காவல் நின்றது என்று அதற்கும் எழுத்து வெட்டியிருக்கிறார்கள். வெட்டியவன் பெயர் கல்லில் இல்லை. நாய்க்குக் கிடைத்த இடத்தைச் சிற்பி தனக்கு எடுத்துக்கொள்ளவில்லை.

நடுகல்லுக்குத் தொல்காப்பியம் சொல்லும் வரிசை கவனிக்கத்தக்கது. காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுகல், பெரும்படை, வாழ்த்து. உளி எடுப்பதற்கு முன்பே கல்லைத் தேடிக் காண்பது ஒரு துறை; அதை நீரில் ஆட்டுவது இன்னொரு துறை. மலையிலிருந்து ஒரே ஒரு கல்லைப் பெயர்க்க இத்தனை தாமதம் வைத்திருந்தார்கள். இன்றைய சுரங்க உரிமத்திலும் தாமதம் உண்டு, ஆனால் அது கோப்புக்கும் விண்ணப்பதாரருக்கும் இடையிலான விஷயம். கல் அதில் ஒரு தரப்பே இல்லை.

நம் முன்னோர் இயற்கையோடு இயைந்து வாழ்ந்தார்கள் என்ற பல்லவியை இங்கே எடுத்துவிட வேண்டாம். அந்தக் கற்கள் சொல்வது பெரும்பாலும் மாடு திருடிய கதையும் அதற்காக வெட்டிக்கொண்டு செத்த கதையும். சந்தனத்துக்குப் பேர்போன ஜவ்வாது மலையில் சந்தன மரத்தை வெட்டித் தீர்த்தவர்களும் வேறு நாட்டிலிருந்து வரவில்லை.

ஆனால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். இப்பகுதி நடுகற்கள் பல, வேடியப்பன் என்ற பெயரில் இன்றும் சாமி. மலைமேல் உள்ள ஊர்களில் புதிய கற்காலக் கற்கோடாரிகள்கூடக் கோயிலில் பூசை வாங்குகின்றன. எண்ணெயும் மஞ்சளும் ஏறி எழுத்து மறைகிறது என்பது ஆய்வாளர்களின் வருத்தம், நியாயமான வருத்தம். அதே எண்ணெய்ப் பிசுக்குதான் அந்தக் கற்களைக் காலங்காலமாக வீட்டுப் படிக்கல்லாகவோ சாலை ஜல்லியாகவோ போகாமல் காத்திருக்கிறது. வழிபடுகிறவர்கள் கலையைப் பாதுகாப்பதாக நினைத்ததில்லை. ஆண்டுக்கொரு முறையாவது போய்த் தொட்டுக் கழுவி எண்ணெய் சாத்துகிறார்கள். வருவோர் நின்றுபோன இடத்தில் நடுகல் வெறும் கல்லாகிவிடுகிறது, ஒரு நாள் யாரோ ஒருவர் கடப்பாரையோடு வருகிறார்.

ஸ்மித்சனுக்குச் சிதைவு பிடிக்கும். எல்லாம் குலைந்து கலந்துபோவதே இயற்கையின் போக்கு என்பது அவர் எழுத்தில் திரும்பத் திரும்ப வரும். சுருளின் மேல் மேலும் கல் கொட்டி உயர்த்துவதா, ஏரியின் போக்கில் விடுவதா என்று அவருக்குப் பின் வந்தவர்கள் விவாதித்தார்கள். இப்போதைக்கு, மாறுவதைப் படமெடுத்து ஆவணமாக்குகிறார்கள். கலைக்கு அந்த வசதி உண்டு. நாகநதிக் குழிக்கு இல்லை. வெள்ளம் வரும்போதெல்லாம் நீரோடு வண்டலும் இறங்கும். அடியில் பரப்பிய கூழாங்கல் அடைத்துக்கொண்டால், குழி இருக்கும், நீர் இறங்காது; தூரத்திலிருந்து பார்க்க ஒரு வித்தியாசமும் தெரியாது. வடகிழக்குப் பருவமழைக்கு முன், புரட்டாசிக்குள், யாராவது இறங்கி வண்டலை அள்ளியாக வேண்டும், வருடா வருடம். அதற்கும் கூலி உண்டா, உண்டென்றால் மூன்று படம் ஏற்கெனவே எடுத்து முடிந்துவிட்ட குழிக்கு நாலாவது படத்தைச் செயலி வாங்கிக்கொள்ளுமா என்பதை ஊராட்சிச் செயலரிடம்தான் கேட்க வேண்டும்.