பெயர் மாற்றலாமா?

எமது வேலியோரச் செடியொன்று பொற்காசு போல மஞ்சளாய்ப் பூக்கிறது. அவுஸ்திரேலியாவின் சுதேசச் செடி. தாவரவியற் பெயர் ஹிபேர்ட்டியா. யார் இந்த ஹிபேர்ட்? அடிமைகளின் உழைப்பில் நடந்த ஜமேக்காத் தோட்டங்களால் செல்வம் சேர்த்த லண்டன் வணிகர். அடிமை வணிகத்தை ஒழிக்கக்கூடாதென்று வாதாடியவர். அபூர்வச் செடிகளைச் சேகரிப்பதில் அவருக்கு ஆசை. 1800இல் அவர் பெயரைச் சூட்டிவிட்டார்கள். இந்த நாட்டை அவர் கண்டதேயில்லை.

1770இல் குக்கின் கப்பலில் வந்து பொட்டனி விரிகுடாவில் செடி சேகரித்தவர் யோசப் பாங்ஸ். பாங்சியா என்னும் பெயர் அவருக்காக 1782இல் வந்தது. அவராவது நேரில் வந்து பறித்தவர்! ஆயினும் அக்கரையில் தலைமுறைகளாக வாழ்ந்த மக்கள் அம்மரங்களைப் பெயர் சொல்லாமலா அழைத்திருப்பார்கள்?

கணக்கு எழுதிப் பிழைக்கும் எமக்கு மறுபக்கமும் விளங்குகிறது. பேரேட்டில் ஒரு கணக்கின் பெயரை இடைநடுவில் மாற்றினால் பழைய பதிவுகளைத் தேடிப்பிடிப்பது பெரும்பாடு. தாவரவியலாளர் பலரும் இதையே சொல்கிறார்கள். ஆனால் 2024இல் மட்ரிட் நகரில் கூடிய அவர்களே, ஆபிரிக்கரை இழிவுபடுத்தும் சொல்லைத் தாங்கிய இருநூறுக்கு மேற்பட்ட பெயர்களைத் திருத்த வாக்களித்தார்கள். மனம் வைத்தால் முடிகிறது.

அகதிகளாய் வந்த எம்மில் பலருக்குத் தகப்பனார் பெயரே சொந்தப் பெயராகப் பதிவாகிவிட்டது. வேலைக்கும் வங்கிக்கும் அதுவே வசதியென்று விட்டுவிட்டோம். எமது திருத்தப் படிவமும் பல வருடங்களாக மேசை லாச்சிக்குள் கிடக்கிறது.