தத்தம் மொழியில் தருமம்



பெங்களூரில் ஓர் உபாசகர் இல்லத்தில் பௌர்ணமி நாளன்று கூடியிருந்தோம். புத்த வந்தனையும் பஞ்சசீலமும் நிறைவுற்றபின் தருமகதை தொடங்கிற்று. அன்று கதை சொல்லும் முறை அவ்வீட்டுச் சிறுமிக்கு வாய்த்தது. பாட்டியார் தமிழிற் சொல்லக் கேட்ட கிசாகோதமியின் வரலாற்றை அவள் சொல்லலானாள். இறந்த மகவைத் தோளிற் சுமந்து மருந்து வேண்டி வந்த தாயிடம், சாவு நிகழாத வீட்டிலிருந்து சிறிது கடுகு வாங்கி வருமாறு பகவான் பணித்த இடம் வந்தது. பள்ளியிலும் தெருவிலும் தன் நாவிற் படிந்த கன்னடச் சொல்லால் அவள் "சாசிவெ" என்றாள். நாம் குறுக்கிட்டு, "கடுகு என்று சொல், அம்மா" என்றோம். மேலும் இரண்டு கன்னடச் சொற்கள் வந்தன, இருமுறையும் திருத்தினோம். சிறுமி வாய்மூடிக்கொண்டாள். கதை பாதியில் நின்றது.

அப்போது பாட்டியார் சொன்னார்: "ஐயா, அந்தத் தாய் எந்தப் பாஷையில் கேட்டாளோ, கேட்ட வீட்டிலெல்லாம் விளங்கிற்றே!"

அச்சொல் நம்மைச் சுட்டது. தமிழைக் காக்கிறோம் என்று எண்ணி, ஒரு குழந்தையின் வாயில் நின்ற தருமத்தைத் தடுத்துவிட்டோம். ஆதலின், மொழியும் தருமமும் கதையும் ஒரு சமூகத்தைச் சேர்த்துக் கட்டுவது எவ்வாறு, சில வேளைகளில் கட்டு அவிழ்வதும் எதனால் என்பதை இன்று சிந்திப்போமாக.

வினயபிடகத்துச் சுள்ளவக்கத்தில் ஒரு நிகழ்ச்சி காணப்படுகிறது. அந்தண குலத்திற் பிறந்து சங்கத்திற் சேர்ந்த யமேளு, தேகுலர் என்னும் இரு சகோதரர் பகவானை அணுகினர். பல குலத்தும் பல குடியினும் வந்த பிக்குகள் தத்தம் பேச்சில் புத்தவசனத்தைக் கூறிக் கெடுத்துவிடுகின்றனர் என்று முறையிட்டு, அதனைச் சந்தத்தில் அமைக்க அனுமதி வேண்டினர். பகவான் அவர்களைக் கடிந்து, தன் மொழியிலேயே புத்தவசனத்தைக் கற்க அனுமதி அளித்தார். "தன் மொழி" என்றது பகவான் பேசிய மகதமொழியே என்று பிற்காலத்து உரையாசிரியராகிய புத்தகோசர் பொருள் கொண்டார். கற்போர் அவரவர் மொழி என்று இக்கால அறிஞர் பலர் கொள்வர். எவ்வாறு கொள்ளினும், ஒரு சிலர்க்கே உரிய பெட்டகத்தில் தருமத்தைப் பூட்டிவைக்க அவர் இசையவில்லை என்பது தெளிவு. இந்நெறி பற்றியே அசோக மாமன்னரும் தம் மேற்கெல்லையாகிய கந்தகாரத்தில் யவனமொழியிலும் அரமேய மொழியிலும் தரும ஆணை பொறித்தார். அவ்விரு மொழிக் கல்வெட்டு 1958-ஆம் ஆண்டிற் கண்டறியப்பட்டது.

தமிழகத்திலும் தருமம் தமிழாகவே வந்தது. சாத்தனார் மணிமேகலையை இயற்றினார். புத்தமித்திரனார் வீரசோழியம் என்னும் இலக்கணமே யாத்தார். ஆயினும் குண்டலகேசி என்ன ஆயிற்று? சில பாடல்களே எஞ்சின. சொல்லுவாரும் கேட்பாரும் அற்றபோது கதை இறக்கின்றது. கதை இறந்தால், அதனுள் வாழ்ந்த மக்கள் தாம் யார் என்பதையே மறக்கின்றனர்.

அவ்வாறு மறக்கச் செய்யப்பட்ட மக்களுக்கு நினைவூட்ட வந்தவர் பண்டிதர் அயோத்திதாசர் (1845-1914). சித்த வைத்தியராகிய அவர் 1898-இல் கர்னல் ஆல்காட்டின் துணையுடன் இலங்கை சென்று, சுமங்கல மகாதேரரிடம் பஞ்சசீலம் ஏற்றுத் திரும்பி, சென்னை இராயப்பேட்டையில் சாக்கிய பௌத்த சங்கத்தை நிறுவினார். 1907 ஜூன் 19-இல் "ஒரு பைசாத் தமிழன்" என்னும் வார இதழைத் தொடங்கினார். பிறர் இழித்துச் சூட்டிய பெயரால் அறியப்பட்டவர்களை நோக்கி, "நீங்கள் இந்நாட்டின் பூர்வ பௌத்தர்" என்றார். அதனை வெறும் வாதமாகச் சொல்லவில்லை, கதையாகச் சொன்னார். தீபாவளியை எள்நெய் கண்ட நாளாகவும், கார்த்திகை தீபத்தை ஆமணக்கு நெய் கண்ட நாளாகவும் விளக்கினார். ஏழையின் வீட்டு அகல்விளக்கும் அவன் முன்னோரின் அறிவுக்குச் சான்றாயிற்று.

அவர் கூறிய சொல்லாராய்ச்சிகள் அனைத்தையும் இன்றைய வரலாற்றறிஞர் ஒப்புவதில்லை. கேட்டதனால் மட்டும் எதனையும் நம்பற்க என்று காலாமர்க்கு உரைத்த பகவானின் வழிநிற்கும் நாமும் ஆராய்ந்தே கொள்வோம். ஆயினும், தலைகுனிந்து நின்ற ஒருவன் தன் மொழியில் தன் கதையைக் கேட்டுத் தலைநிமிர்ந்தான் என்பது ஆராய்ச்சிக்கு எஞ்சாத உண்மை.

அச்சங்கத்தின் கிளைகள் பெங்களூரிலும், கோலார் தங்கவயலின் மாரிக்குப்பத்திலும் தோன்றின. வடஆர்க்காடு முதலிய பகுதிகளிலிருந்து சுரங்கத்துக்குப் போந்த தமிழர், பகலொளி காணாது உழைத்துவிட்டு, மாலையில் விளக்கொளியில் "தமிழன்" இதழை ஒருவர் படிக்கப் பலர் கேட்டனர். பண்டிதர் மறைந்தபின், ஜி. அப்பாதுரையார் 1920-களில் அவ்விதழைத் தங்கவயலிலிருந்தே மீண்டும் நடத்தினார். சித்தார்த்தா புத்தகசாலை பண்டிதரின் நூல்களை அச்சிட்டு வழங்கிற்று. படிப்பவன் குரலும் கேட்பவர் செவியும் சேர்ந்த இடமே அவர்களுக்கு ஊராயிற்று. பெங்களூரில் ஆசாரிய புத்தரக்கித தேரர் 1956-இல் மகாபோதி சங்கத்தை நிறுவியதும் இந்நகரத்துப் பௌத்தர்க்கு ஆதரவாயிற்று.

2001-ஆம் ஆண்டில் தங்கச் சுரங்கங்கள் மூடப்பட்டன. அம்மக்களின் வழித்தோன்றல்களுள் பலர் நாள்தோறும் இரயிலேறிப் பெங்களூருக்கு வேலைக்கு வருகின்றனர். பலர் இங்கேயே குடியேறினர். அவர்தம் பிள்ளைகள் கன்னடமும் ஆங்கிலமும் கற்கின்றனர். பாட்டியின் கதைக்கும் பேத்தியின் செவிக்கும் இடையே ஒரு திரை விழுந்துவருகின்றது. இதுவே நம்முன் நிற்கும் இடர்.

மொழியைப் பற்றிய பற்று எங்கே கொண்டுவிடும் என்பதையும் இந்நகரம் கண்டிருக்கிறது. 1991 டிசம்பரில், காவிரி நடுவர் மன்றத்தின் இடைக்கால ஆணையை ஒட்டி மூண்ட கலவரத்தில் தமிழர் பலர் உடைமை இழந்தனர், உயிரிழப்பும் நேர்ந்தது. அவ்வாண்டில் அல்சூர் ஏரிக்கரையில் நிறுவப்பெற்ற திருவள்ளுவர் சிலை 18 ஆண்டுகள் மூடியே நின்றது. 2009 ஆகஸ்டு 9-இல் அது திறக்கப்பட்டது. நான்கு நாள் கழித்துச் சென்னையில் கன்னடப் புலவர் சர்வக்ஞரின் சிலை திறக்கப்பட்டது. ஒருவர் மற்றவரின் சான்றோர்க்கு இடமளித்தபோதே திரை விலகிற்று.

இதற்கு மருந்தாக மத்திம நிகாயத்து அரணவிபங்க சூத்திரத்தில் பகவான் ஓர் எளிய பாத்திரத்தை எடுத்துக்காட்டுகிறார். ஒரே பாத்திரத்தை ஒரு நாட்டார் ஒரு பெயராலும், மற்றொரு நாட்டார் வேறு பெயராலும் அழைப்பர். எம் சொல்லே மெய், ஏனைய பொய் என்று பிடிவாதம் கொள்வோர் பிணக்கை விளைப்பர். இவர்கள் இதனை இவ்வாறு அழைக்கின்றனர் என்று உணர்ந்து, பற்றின்றி அச்சொல்லையே வழங்குவோர் பிணக்கின்றி வாழ்வர். நாம் வட்டில் என்பதைக் கன்னடத்தார் பட்டலு என்பர். பெயர் மாறினும் உள்ளிருக்கும் அன்னம் பசியாற்றுவதில் குறை உண்டோ?

அன்பர்களே, இதனால் தமிழைக் கைவிடலாம் என்று கொள்ளற்க. வட்டில் வேண்டாம் என்று எறிந்தவன் அன்னத்தை எதில் ஏந்துவான்? பாட்டியாரிடம் தமிழ் இருந்தமையாலன்றோ பேத்தியிடம் கதை வந்தது! தாய்மொழியைக் கொடுப்பது தானம். அதனை வேலியாக்குவது பற்று. தானம் சுற்றத்தைப் பெருக்கும். பற்று, கதை சொல்ல வந்த குழந்தையையும் விலக்கும்.

ஆதலின் சங்கத்தார்க்கு மூன்று கடமைகளை வேண்டுகிறோம். ஒன்று: பௌர்ணமிதோறும் வந்தனைக்குப்பின், வீட்டு மூத்தோர் ஒருவர் ஒரு கதையைத் தமிழிற் சொல்லுக. புத்த சரிதமோ, ஜாதகமோ, தங்கவயலில் தம் பெற்றோர் வாழ்ந்த வரலாறோ ஆகுக. இரண்டு: அக்கதையை இளையோர் தம் நாவில் வரும் சொற்களாலேயே திரும்பச் சொல்லுக. இடையில் எவரும் திருத்தற்க. கதை முடிந்தபின், அறியாத தமிழ்ச் சொல்லை அன்புடன் கற்பிக்க. மூன்று: அயலிலுள்ள கன்னடக் குடும்பத்தாரையும் அழைத்து, அவர்தம் கதையை அவர் மொழியிற் சொல்லச் செய்து, நாம் கேட்போமாக.

கோதமி அன்று வாசல்தோறும் சென்றாள். கடுகு எல்லா வீட்டிலும் இருந்தது. சாவு காணாத வீடுதான் இல்லை. அத்தாய்க்கு அன்று கிடைத்தது, நம் துயர் நமக்கு மட்டும் உரியதன்று என்னும் அறிவே. அந்த அறிவு எந்த வாசலில் எந்த மொழியிற் கிட்டினும் ஏற்கத்தக்கதே.

வரும் பௌர்ணமியன்று அச்சிறுமியின்முன் அமர்ந்து, நம் பிழையைப் பொறுக்குமாறு கேட்டு, நின்ற இடத்திலிருந்து கதையைத் தொடருமாறு வேண்டவுள்ளோம். "சாசிவெ" என்றே அவள் தொடங்கட்டும், நாம் கேட்டிருப்போம்.

எல்லா உயிர்களும் பகையின்றி நலமுற்று வாழ்வனவாக!