தவணை தவறிய வண்டி

வாடகைக் கொள்முதல் ஒப்பந்தத்தில் கடைசித் தவணை கட்டும்வரை வண்டியின் உரிமையாளர் நிதி நிறுவனமே. ஆர்.சி. புத்தகத்தில் வண்டி வாங்கியவரின் பெயரோடு அதன் பெயரும் பதிவாகியிருக்கும். தன் பொருளை எடுப்பது திருட்டாகாது என்று இந்திய உச்ச நீதிமன்றம் பல வழக்குகளில் சொல்லியிருக்கிறது. எடுக்கும் விதம் வேறு விஷயம். அடியாட்களை ஏவி வண்டியைப் பறிப்பதை 2007-இல் ஐசிஐசிஐ வங்கி – பிரகாஷ் கௌர் வழக்கில் அதே நீதிமன்றம் கண்டித்தது. 2023-இல் பாட்னா உயர் நீதிமன்றம் இதை வாழ்வுரிமைப் பிரச்சினையாகவே பார்த்தது.

சட்டத்துக்கு முன்பே வேதங்கள் இதில் தலையிட்டன. திரிகைக் கல்லை அடகு வாங்கக் கூடாது என்கிறது விவிலியத்தின் உபாகமம், 24-ஆம் அதிகாரம். கல் போனால் மாவு இல்லை, அன்றைய அப்பமும் இல்லை. கடன் கொடுத்தவர் வீட்டுக்குள் நுழையாமல் வெளியே நிற்க வேண்டும். அடகுப் பொருளைக் கடன்பட்டவரே கொண்டுவந்து தருவார். கடன் அப்படியே இருக்கிறது, அவருடைய மானமும் இருக்கிறது. நெருக்கடியில் இருப்பவருக்கு அவகாசம் தரச் சொல்கிறது திருக்குர்ஆனின் இரண்டாம் அத்தியாயம்.

தவணையில் எடுத்த ஆட்டோவும் ஒரு திரிகைக் கல்தான்; அதைத் தூக்கிப்போனால் மீதித் தவணைக்கு வழியில்லை. ஆனால் பிணை இல்லாமல், நிலம் நகை இல்லாதவருக்கு யார் கடன் தருவார்? ஒப்பந்தத்தில் நோட்டீஸ் காலமும், விற்பதற்கு முன் கடைசி வாய்ப்பும் எழுதப்பட வேண்டும் என்பது வங்கிசாரா நிதி நிறுவனங்களுக்கு ரிசர்வ் வங்கி வகுத்த விதி. நோட்டீஸ் தேவைப்படாத சூழ்நிலைகளையும் அதே ஒப்பந்தத்தில் எழுதிக்கொள்ளலாம், ஓட்டை அங்கேதான்.