எது கம்யூனிசத்தின் மிச்சம்?

மூன்று ஆண்டுகளுக்கு முன்பு என் வகுப்பில் ஒரு ருமேனியப் படத்தைத் திரையிட்டேன். கிறிஸ்தியான் முஞ்ஜியு இயக்கிய ‘4 மாதங்கள், 3 வாரங்கள், 2 நாட்கள்’. 2007இல் கான் விழாவில் தங்கப் பனை விருது பெற்ற படம். கதை நடப்பது 1987இல், சௌசெஸ்குவின் ஆட்சிக் காலத்தில். விடுதியில் ஒரே அறையில் தங்கிப் படிக்கும் இரண்டு மாணவிகள். ஒருத்தி கருவுற்றிருக்கிறாள். மற்றவள் அவளுக்காகப் பணம் புரட்டுகிறாள், ஓட்டலில் அறை எடுக்கிறாள், சட்டத்துக்குத் தெரியாமல் கருவைக் கலைக்க வருகிற ஆளிடம் பேரம் பேசுகிறாள். அவன் கேட்கும் விலை பணம் மட்டுமல்ல.

படம் முடிந்து விளக்கைப் போட்ட பிறகும் யாரும் எழவில்லை. கொஞ்ச நேரம் கழித்துப் பின்வரிசையிலிருந்து ஒரு மாணவி கேட்டாள்: “மேம், கம்யூனிச நாட்டிலதான் இந்த உரிமை முதல்ல கெடச்சதுன்னு போன மாசம் சொன்னீங்க. அப்ப இது எந்த நாடு?”

சொன்னேன்தான். 1920 நவம்பரில் சோவியத் ருஷ்யா கருக்கலைப்பைச் சட்டபூர்வமாக்கியது, உலகில் அப்படிச் செய்த முதல் அரசு அதுதான் என்று கரும்பலகையில் ஆண்டைப் பெரிதாக எழுதிக் காட்டியிருந்தேன். 1936 ஜூனில் ஸ்டாலின் ஆட்சி அதே உரிமையைப் பறித்ததையும், 1955இல்தான் அது திரும்பக் கிடைத்ததையும் நான் எழுதவில்லை. தெரியாமல் விட்டதல்ல, தெரிந்தே விட்டது. பாடத்திட்டத்தில் இடமில்லை, நேரமில்லை என்று அன்று எனக்கு நானே சொல்லிக்கொண்ட காரணங்கள் எதுவும் அந்தப் பெண்ணின் கேள்விக்கு முன்னால் நிற்கவில்லை.

நான் வளர்ந்த வீட்டில் அப்பா கட்சி உறுப்பினர். மாஸ்கோவில் அச்சாகித் தமிழில் வந்த முன்னேற்றப் பதிப்பக நூல்கள் கெட்டி அட்டையோடு அலமாரியில் வரிசையாக இருக்கும். ‘சோவியத் நாடு’ இதழின் வழுவழுப்பான தாள்தான் எங்கள் பாடப் புத்தகங்களுக்கு அட்டை. அந்தத் தாள்களில் டிராக்டர் ஓட்டும் பெண்கள் சிரித்துக்கொண்டிருப்பார்கள். வரலாறு எனக்கு முதலில் வந்து சேர்ந்தது அப்படித்தான். அது பொய் என்று இப்போதும் சொல்ல மாட்டேன். அந்தப் பெண்கள் டிராக்டர் ஓட்டியது உண்மை. ஆனால் எதை நினைவில் வைப்பது என்பதை எனக்கு முன்பே யாரோ தெரிவு செய்திருந்தார்கள், அந்தத் தெரிவை நான் என் மாணவிகளுக்குக் கைமாற்றிக் கொடுத்தேன். இந்தக் கட்டுரை அந்தக் கூச்சத்திலிருந்து எழுதப்படுகிறது.

1989க்குப் பிறகு கிழக்கு ஐரோப்பாவின் நாடுகள் ஒவ்வொன்றும் ஒரே கேள்வியைத் தம்மிடம் கேட்டுக்கொண்டன: நாற்பது ஆண்டுக் கம்யூனிச ஆட்சியில் எது அந்நியர் நம்மீது திணித்தது, எது நம்முடையது? சிலைகள் இறங்கின, தெருப்பெயர்கள் மாறின, உளவுத்துறைக் கோப்புகள் திறந்தன. இவற்றைப் பற்றி ஏராளமாக எழுதிவிட்டார்கள். பெண்ணுடல் மீதான சட்டங்களிலும் இதே கேள்வி கேட்கப்பட்டது. இரண்டு நாடுகள் அதற்கு நேரெதிரான விடைகளைச் சொல்லின.

முதலில் ருமேனியா. அங்கே 1957இல் கருக்கலைப்பு சட்டபூர்வமானது. 1966 அக்டோபரில் வந்த 770ஆம் எண் ஆணை அதைத் தடைசெய்தது. நாற்பத்தைந்து வயதைக் கடந்தவர்கள், நான்கு பிள்ளை பெற்றவர்கள், உயிருக்கு ஆபத்துள்ளவர்கள் போன்ற சிலருக்கு மட்டுமே விலக்கு. மக்கள்தொகையைப் பெருக்கி வலிமையான தேசத்தைக் கட்டுவது நோக்கம். 1966இல் ஏறக்குறைய 2,74,000 குழந்தைகள் பிறந்த நாட்டில் 1967இல் 5,28,000 அளவுக்குப் பிறந்தன. கருத்தடைச் சாதனங்கள் கடைகளில் கிடைக்கவில்லை. பெண்கள் மெல்ல மெல்லத் தமக்கென்று இரகசிய வழிகளைக் கண்டுபிடித்துக்கொள்ள, பிறப்பு விகிதம் மீண்டும் இறங்கியது. அரசு பிடியை இறுக்கியது. எண்பதுகளில் தொழிற்சாலைகளிலேயே பெண்களை வரிசையாக நிறுத்திக் கருப்பைப் பரிசோதனை செய்தார்கள். இரத்தம் கொட்டக் கொட்ட மருத்துவமனைக்கு வந்த பெண்ணிடம், யார் கலைத்தது என்று சொன்னால்தான் சிகிச்சை என்று படுக்கையருகே அதிகாரிகள் காத்திருந்தார்கள். கரு என்பது சமூகம் முழுவதற்கும் உரிய சொத்து என்பது ஆட்சியின் வாதம். அந்த இருபத்துமூன்று ஆண்டுகளில் சுமார் 10,000 பெண்கள் இப்படிச் செத்தார்கள் என்று மதிப்பிடுகிறார்கள். 1984இல் அனா பிளாண்டியானா என்ற கவிஞர் இந்தக் கட்டாயப் பிரசவங்களைப் பற்றி எழுதிய கவிதை ஒரு மாணவர் இதழில் வெளியானது. ஆட்சி அதைப் பொறுக்கவில்லை. மக்களோ கையால் படியெடுத்துப் பரப்பினார்கள்.

சௌசெஸ்கு 1989 டிசம்பர் 25ஆம் தேதி சுட்டுக்கொல்லப்பட்டார். மறுநாள், 26ஆம் தேதி, புதிய அரசு 770ஆம் ஆணையை நீக்கியது. புரட்சி செய்த முதல் காரியங்களில் ஒன்று அது. ருமேனியாவில் கருக்கலைப்புத் தடைதான் கம்யூனிசத்தின் கொடுமை. விடுதலை என்றால் தடை போவது.

இனி போலந்து. அங்கே 1956லிருந்து கருக்கலைப்பு சட்டபூர்வமாக இருந்தது. வாழ்க்கைச் சூழல் கடினம் என்று பெண் சொன்னால் போதும். 1989இல் ஆட்சி மாறியதும் புதிய அரசியல்வாதிகளில் பலரும் கத்தோலிக்கத் திருச்சபையும் அந்த உரிமையைக் கம்யூனிசம் விட்டுச்சென்ற அழுக்கு என்றார்கள். பத்து லட்சத்துக்கும் மேற்பட்டோர் கையெழுத்திட்டுப் பொதுவாக்கெடுப்புக் கேட்டார்கள். நாடாளுமன்றம் கண்டுகொள்ளவில்லை. 1993 ஜனவரியில் தடைச்சட்டம் வந்தது. மூன்று விலக்குகள் மட்டும் மிஞ்சின: தாயின் உயிருக்கோ உடல்நலத்துக்கோ ஆபத்து, கருவில் கடும் குறைபாடு, குற்றத்தால் உண்டான கர்ப்பம். 2020 அக்டோபர் 22ஆம் தேதி அரசியலமைப்புத் தீர்ப்பாயம் இரண்டாவது விலக்கையும் எடுத்துவிட்டது. இலட்சக்கணக்கான பெண்கள் சிவப்பு மின்னல் சின்னத்தோடு தெருவுக்கு வந்தார்கள். போலந்தில் விடுதலை என்றால் தடை வருவது.

ஒரே முகாம், ஒரே காலம், ஒரே வீழ்ச்சி. ஒரு நாட்டில் எதைத் துடைத்தெறிந்தார்களோ அதை அடுத்த நாட்டில் நட்டு வைத்தார்கள். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தபோதுதான் எனக்கு ஒன்று உறைத்தது. தேசம் தன் கடந்த காலத்தை நினைவுகூர்ந்து அதிலிருந்து இன்றைய சட்டத்தைப் பெறுகிறது என்றுதான் நாம் நம்புகிறோம். நடப்பது பெரும்பாலும் தலைகீழாக. இன்று யாரை அடக்க வேண்டும், யாரைச் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்பது முதலில் முடிவாகிறது. அதற்குத் தோதான நினைவு பிறகு அழைத்து வரப்படுகிறது, வழக்கு எழுதிய பிறகு சாட்சியைத் தேடுவதைப்போல.

போலந்திலேயே இதற்கு எடுத்துக்காட்டு உண்டு. கருக்கலைப்பை நம் நாட்டுக்குக் கொண்டுவந்தவர்கள் ஹிட்லரும் ஸ்டாலினும் என்பது அங்கே தடை ஆதரவாளர்கள் அடிக்கடி சொல்லும் வாதம். ஆக்கிரமிப்பாளர்களான நாஜிகள் 1943இல் போலந்துப் பெண்களுக்குக் கருக்கலைப்பை அனுமதித்தது உண்மை. அது பெண்கள்மேல் கொண்ட அக்கறையால் அல்ல, போலந்து இனம் பெருகக் கூடாது என்பதால். சரி, ஸ்டாலின்? தன் நாட்டில் அதைத் தடைசெய்தவரே அவர்தான். போலந்தின் 1956 சட்டம் அவர் இறந்து மூன்றாண்டுகள் கழித்து வந்தது. இன்னொன்றும் உண்டு. இரண்டு உலகப் போர்களுக்கும் இடைப்பட்ட சுதந்திரப் போலந்தைத்தான் தேசியவாதிகள் பொற்காலமாகப் போற்றுகிறார்கள். அந்தப் பொற்காலத்தின் 1932ஆம் ஆண்டுக் குற்றவியல் சட்டமே மருத்துவக் காரணத்துக்கும் குற்றத்தால் நேர்ந்த கர்ப்பத்துக்கும் கருக்கலைப்பை அனுமதித்தது. பொற்காலத்தை எல்லோரும் நினைவுகூர்கிறார்கள். இந்தப் பிரிவை மட்டும் யாரும் நினைவுகூர்வதில்லை.

நினைவுக்கென்றே போலந்து 1998இல் சட்டம் இயற்றித் தேசிய நினைவு நிறுவனத்தை உருவாக்கியது. ஆவணக் காப்பகம், வழக்குத் தொடரும் அதிகாரம், கல்விப் பணி எல்லாம் ஒரே கூரையின்கீழ். 2018இல் அதன் சட்டத்தைத் திருத்தி, நாஜிக் குற்றங்களில் போலந்து தேசத்துக்குப் பொறுப்புண்டு என்று சொல்பவரைச் சிறைக்கு அனுப்பலாம் என்றார்கள். உலகமெங்கும் எதிர்ப்பு வந்ததும் சில மாதங்களில் அந்தத் தண்டனையை நீக்கினார்கள். அந்த வேகம் நான் பார்க்கும் கேள்விக்கு முக்கியம். தேசம் தன்னைப் பாதிக்கப்பட்டவளாக மட்டுமே நினைத்துக்கொள்ள விரும்பும்போது, அவளால் பாதிக்கப்பட்டவர்கள் பேசுவது குற்றமாகிவிடுகிறது.

இந்த இடத்தில் கிதான்ஸ்க் நகரத்துக்குப் போக வேண்டும். போலந்தின் விடுதலைக் கதை தொடங்குவது அங்கேயுள்ள லெனின் கப்பல் கட்டும் தளத்தில், 1980 ஆகஸ்டில். வேலைநிறுத்தம் வெடித்ததே ஒரு பெண்ணை வேலையிலிருந்து நீக்கியதால்தான். பாரந்தூக்கி இயக்கிய அன்னா வலென்டினோவிச், ஓய்வு பெற ஐந்து மாதமே இருந்த நிலையில் வெளியேற்றப்பட்டார். ஆகஸ்ட் 16ஆம் தேதி நிர்வாகம் சில கோரிக்கைகளை ஏற்க, லெக் வலேசா வேலைநிறுத்தம் முடிந்தது என்று அறிவித்தார். தொழிலாளர்கள் வாசலை நோக்கி நடக்கத் தொடங்கினார்கள். மற்ற ஆலைகளில் போராடுகிறவர்களைக் கைவிடாதீர்கள் என்று அவர்களை நிறுத்தியவர்கள் வலென்டினோவிச், செவிலி அலினா பியென்கோவ்ஸ்கா, டிராம் ஓட்டுநர் ஹென்ரிகா க்ஷிவோனோஸ் ஆகியோர். அன்று அவர்கள் வாசலை மறிக்காமல் இருந்திருந்தால் சாலிடாரிட்டி என்ற பெயரை நாம் கேள்விப்பட்டே இருக்க மாட்டோம் என்பது என் எண்ணம். அதே தளத்தின் சுவரில் அந்நாட்களில் ஒரு வாசகம் எழுதியிருந்ததாம்: பெண்களே, தொந்தரவு செய்யாதீர்கள், நாங்கள் போலந்துக்காகப் போராடுகிறோம் என்று. 1990இல் சாலிடாரிட்டி மாநாடு கருவின் சட்டப் பாதுகாப்பை ஆதரித்துத் தீர்மானம் போட்டது. எதிர்த்த அதன் பெண்கள் பிரிவு அடுத்த ஆண்டு கலைக்கப்பட்டது.

வலென்டினோவிச்சை நம் பெண்ணியக் கதையின் நாயகியாக்கிவிடக் கை பரபரக்கிறது. முடியாது. அவர் ஆழ்ந்த கத்தோலிக்கப் பற்றுள்ளவர். பின்னாளில் வலேசாவோடு கடுமையாக முரண்பட்டார். வலேசாவை உளவாளி என்று சாட வலதுசாரிகளுக்கு அவர் பெயர் வசதியாக இருந்தது, அதனால் அவரை உயர்த்திப் பிடித்தார்கள். 2010 ஏப்ரலில், 1940இல் காதினில் கொல்லப்பட்ட போலந்து அதிகாரிகளின் நினைவு நிகழ்வுக்குச் சென்ற விமானம் ஸ்மோலென்ஸ்க் அருகே விழுந்தது. குடியரசுத் தலைவர் உட்பட 96 பேர் இறந்தார்கள். அவரும் அதிலிருந்தார். அவர் கல்லறையில் புதைத்திருந்தது வேறொரு பெண்ணின் உடல் என்பது 2012இல் தோண்டிப் பார்த்தபோது தெரிந்தது. ஆளாளுக்கு நினைவுகூர்ந்த ஒருவரின் உடல் இரண்டு ஆண்டுகள் வேறொரு பெயரின்கீழ் கிடந்திருக்கிறது. இதற்கு மேல் அவரை எந்தக் கதைக்குள்ளும் இழுக்க எனக்கு மனமில்லை, என் கதைக்குள்ளும்தான்.

பல்கேரியாவில் பிறந்து பிரான்சுக்குப் போன ஸ்வெதான் தொதொரோவ் நினைவை இரண்டாகப் பிரித்தார். ஒன்று, என் காயம் என்னுடையது, ஒப்பில்லாதது என்று அதிலேயே உறைந்து நிற்பது. மற்றது, அந்தக் காயத்தை எடுத்துக்காட்டாகக் கொண்டு இன்று காயப்படும் மற்றவரை அடையாளம் காண்பது. இரண்டாவதையே அவர் பரிந்துரைத்தார். நான் பல ஆண்டுகள் இதை அப்படியே பாடமாகச் சொல்லியிருக்கிறேன். இப்போது ஒரு தடை தோன்றுகிறது. எந்தக் காயம் எடுத்துக்காட்டாகும் தகுதி பெறுகிறது? சிறைப்பட்டவனுக்குச் சிறை இருக்கிறது, கைதி எண் இருக்கிறது, கோப்பு இருக்கிறது. ருமேனியாவின் சிகெத் நகரத்துப் பழைய சிறை இன்று நினைவகம். உருவாக்கியவர்களில் ஒருவர் அதே அனா பிளாண்டியானா. அடுக்களை மேசையில் கம்பியால் செத்தவளுக்கு என்ன இருக்கிறது? பிழைத்தவள்கூடப் பேசினால் தன்னையும் தனக்கு உதவிய தோழியையும் காட்டிக்கொடுக்க வேண்டியிருந்தது, பிறகு வெட்கம் வாயைக் கட்டியது. முஞ்ஜியுவின் படத்திலும் கடைசியில் அந்த இரண்டு பெண்களும் இதைப் பற்றி இனி பேசவே கூடாது என்றுதான் முடிவு செய்கிறார்கள். நினைவு கடமை என்றால், பேசாதிருந்ததால்தான் உயிர் பிழைத்தவளிடம் அந்தக் கடமையைக் கேட்க நமக்கு உரிமை உண்டா? எனக்கு இன்னும் தெளியவில்லை. கேட்காமல் விட்டால் என்ன ஆகும் என்பது மட்டும் தெரிகிறது. ருமேனியாவில் அந்தத் தலைமுறை முதுமை அடைந்துவிட்டது. சட்டம் அனுமதித்தும் பல அரசு மருத்துவமனைகளில் கருக்கலைப்புச் செய்ய இன்று மருத்துவர்கள் மறுக்கிறார்கள்.

கிதான்ஸ்கின் வேலைநிறுத்தக்காரர்கள் தங்கள் 21 கோரிக்கைகளை மரப்பலகைகளில் எழுதி வாசலில் மாட்டியிருந்தார்கள். யுனெஸ்கோ 2003இல் அந்தப் பலகைகளை உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது. சுதந்திரத் தொழிற்சங்கம் கேட்கும் முதல் வரியைத்தான் எல்லோரும் மேற்கோள் காட்டுவார்கள். பதினேழாவது வரி, வேலைக்குப் போகும் பெண்களின் குழந்தைகளுக்குக் காப்பக வசதி. பதினெட்டாவது, ஊதியத்தோடு மூன்றாண்டுத் தாய்மை விடுப்பு.

இந்த ஆண்டு வகுப்பில் 1920க்குப் பக்கத்தில் 1936, 1955, 1966 எல்லாவற்றையும் எழுதினேன். பலகை நிரம்பிவிட்டது. “இதுல எதை மேம் எழுதிக்கணும்?” என்று முன்வரிசைப் பெண் கேட்டாள். எல்லாத்தையும் எழுதிக்கம்மா என்றேன். முகத்தைச் சுளித்துக்கொண்டு எழுதினாள்.