கோடியில் ஒரு பங்கு

இராயக்கோட்டைத் தக்காளிச் சந்தையில் பத்துப் பெட்டிகளுள் ஒன்றைத் தனியே எடுத்து வைப்பது எளிது. பத்தில் ஒன்று என்பது சிறுவரும் அறிந்த கணக்கு. அதுவே கணிப்பொறிக்கு முடிவிலியாகிறது என்றால் வியப்பன்றோ? மூன்றில் ஒன்றைத் தசமமாக எழுதப் புகுந்தால் 3 என்னும் இலக்கம் ஓயாது தொடர்வதை நாம் அறிவோம். 0, 1 என்னும் ஈரிலக்கங்களால் மட்டுமே எண்ணும் கணிப்பொறிக்குப் பத்தில் ஒன்றும் அவ்வாறே முடிவின்றி நீள்கிறது. அதன் நினைவகமோ எல்லை உடையது. ஆகவே ஓரிடத்தில் வெட்டி, எஞ்சியதை விட்டுவிடுகிறது.

வெட்டுவது குற்றமா? அன்று. ஈரோட்டில் பிறந்த இராமானுஜன், வட்டக் கணக்கில் வரும் 'பை' என்னும் எண்ணைக் காண்பதற்கு முடிவிலாத் தொடர்கள் பலவற்றை 1914-இல் வெளியிட்டார். அவற்றுள் புகழ்பெற்ற ஒன்றில், ஓர் உறுப்பைக் கூட்டுந்தோறும் ஏறத்தாழ 8 இலக்கங்கள் சரியாகக் கிடைக்கின்றன. 1985-இல் அத்தொடரின் வழியே கணிப்பொறி 1 கோடியே 75 லட்சம் இலக்கங்களைக் கண்டது. தொடர் முழுவதையும் கூட்டி முடிப்பார் எவருமிலர். எனினும் எங்கே நிறுத்தினால் எவ்வளவு விடுபடும் என்பது இன்று தெரியும். முடிவிலியைப் பணிகொள்வதன் நேர்மை, விட்டதை மறவாமையில் இருக்கிறது.

மறந்தால் நேர்வது என்ன? வளைகுடாப் போரில், 1991 பிப்ரவரி 25 அன்று, சவுதி அரேபியாவின் தஹ்ரானில் ஈராக்கிய ஏவுகணை ஒன்று படைவீரர் விடுதிமேல் விழுந்தது. 28 அமெரிக்க வீரர் மாண்டனர். அதனைத் தடுக்க வேண்டிய பேட்ரியாட் கருவி, நேரத்தைப் பத்தில் ஒரு வினாடியாக எண்ணிவந்தது. ஒவ்வோர் எண்ணிக்கையிலும் விடுபட்டது ஒரு வினாடியின் கோடியில் ஒரு பங்கினும் குறைவே. ஆனால் 100 மணி நேரத்தில், 36 லட்சம் எண்ணிக்கைகளில், அப்பிழை வினாடியின் மூன்றில் ஒரு பங்காயிற்று. அதற்குள் ஏவுகணை அரைக் கிலோமீட்டருக்கு மேல் கடந்துவிடும். கருவி வேறிடத்தில் தேடிற்று. நெடுநேரம் தொடர்ந்து இயக்கலாகாது என்னும் எச்சரிக்கை முன்னரே வந்திருந்தது. எத்தனை மணி நேரம் என்று அதில் சொல்லப்படவில்லை. திருத்தப்பட்ட நிரல் மறுநாள் வந்து சேர்ந்தது.

"இவ்வளவு சிறிதுதானே" என்று நாமும் சொல்வதில்லையா? எடைபோடுகையில் ஒரு பெட்டிக்கு நூறு கிராம், ஓசூர்த் தொழிற்சாலையில் ஒரு தொழிலாளியின் பத்து நிமிடம் எனக் கழிப்பவர்க்கு அது சில்லறை. இழப்பவர்க்கோ நாள்தோறும் கூடிவரும் கடன். எல்லையுடைய நாம் எதையேனும் விட்டே தீரவேண்டும். ஆனால் விட்டது யார் தலைமேல் விழுகிறது என்று வினவாதிருக்க நமக்கு உரிமையில்லை.

எண்கள் முடிவற்றவையாயினும் இறைவனது அறிவு அவற்றை முழுதும் அடக்கியிருக்கிறது என்று புனித அகுஸ்தினார் 'கடவுளின் நகர்' என்னும் நூலில் வாதிடுகிறார். அவ்வறிவின்முன் சில்லறை என்று ஒன்றுமில்லை. நம் கணக்கேட்டில் நாம் வெட்டியெறிந்த மீதி, அங்கே எழுதப்பட்டே இருக்கும்.