நூரும் நாரும்

ஒளிர்வதெல்லாம் நன்மையின் அடையாளம் ஆகுமா? ஓர் ஒளியைக் கண்டு மகிழ்கிறவன், அது எதிலிருந்து பிறக்கிறது என்று கேட்கவும் கடமைப்பட்டவனா? இவ்வினாக்களை என்னுள் எழுப்பியது ஒரு கடற்கரைச் செய்தி.

2019 ஆகஸ்ட் மாதத்தில் ஓர் இரவு, சென்னைத் திருவான்மியூர் முதலிய கடற்கரைகளில் அலைகள் நீலநிறமாய் ஒளிர்ந்தன. கரையில் மோதி உடைந்த ஒவ்வோர் அலையும் நீலச் சுடராய்ச் சிதறிற்று. செய்தி பரவவே, மக்கள் திரள்திரளாய்க் கரையில் கூடினர். 2023 அக்டோபரிலும் சென்னையை அடுத்த கிழக்குக் கடற்கரைச் சாலையோரம் இக்காட்சி மீண்டும் தோன்றியது.

எங்கள் ஆலங்குளத்திற்குக் கடல் வெகு தொலைவு. ஆயினும் கைப்பேசி வழியே அந்த அலைகள் இங்கும் வந்து சேர்ந்தன. மாலையில் ஓத வரும் பிள்ளைகளுள் சிறியவன் ஒருவன், “ஹஜ்ரத், இது கியாமத்தின் அடையாளமா?” என்று அஞ்சிக் கேட்டான். மேல்வகுப்பில் பயிலும் மற்றொருவன் சிரித்தான். “அது ஏதோ நுண்ணுயிராம், ஹஜ்ரத். காரணம் தெரிந்துவிட்டது. இனி அதில் அதிசயம் என்ன இருக்கிறது?” என்றான்.

சிறியவனின் அச்சத்திற்கு விடை நம் வரலாற்றிலேயே உண்டு. ஹிஜ்ரி 10ஆம் ஆண்டில் பெருமானார் (ஸல்) அவர்களின் அருமை மகனார் இப்ராஹீம் மறைந்த நாளில் சூரிய கிரகணம் உண்டாயிற்று. அத்துயரத்திற்காகவே கதிரவன் இருண்டது என்று மக்கள் பேசிக்கொண்டனர். மகனை இழந்து நின்ற அந்நேரத்திலும் பெருமானார் அப்பேச்சை மறுத்தார்கள். கதிரவனும் திங்களும் இறைவனின் அத்தாட்சிகள், எவருடைய பிறப்புக்காகவோ இறப்புக்காகவோ அவை மறைவதில்லை என்று தெளிவுறுத்தினார்கள். இயற்கைக்கு அதற்குரிய நியதி உண்டு, அந்நியதியே அத்தாட்சி.

பெரியவன் சொன்ன காரணமும் மெய்யே. அந்த ஒளிக்கு உரியது நாக்டிலூகா என்னும் ஓரணு உயிர். இரவில் ஒளிர்வது என்பது அப்பெயரின் பொருள். ஏறக்குறைய ஒரு மில்லிமீட்டர் அளவேயான அதனை அலை அசைக்கும்போது, அதனுள்ளிருக்கும் லூசிபெரின் என்னும் பொருள் லூசிபெரேஸ் என்னும் நொதியின் துணையால் உயிர்வளியோடு கூடுகிறது. நீல ஒளி பிறக்கிறது. ஒரு நொடியில் பத்தில் ஒரு பங்கு நேரமே நீடிக்கும் அவ்வொளியில் வெப்பம் இல்லை என்றே சொல்லிவிடலாம்.

அரபு மொழியில் ஒளியை ‘நூர்’ என்பர்; நெருப்பை ‘நார்’ என்பர். இரண்டும் ஒரே வேரில் கிளைத்தவை. ஒளி என்றதும் நெருப்பை நினைப்பதே மனித இயல்பு. நாரின்றியே ஒளிரும் நூர், கடலிருளில் ஒரு துளியினுள் வைக்கப்பட்டிருக்கிறது. காரணம் தெரிந்ததால் இவ்வியப்பு குறைந்ததா, வளர்ந்ததா? இதை அந்த மாணவன்தான் எண்ணிப் பார்க்க வேண்டும்.

ஆனால் செய்தி இத்துடன் முடியவில்லை. அதே 2019ஆம் ஆண்டு செப்டம்பரில், மன்னார் வளைகுடாவில், மண்டபம், பாம்பன் பகுதிக் கடல் பச்சை நிறமாய் மாறிற்று. மீன்கள் செத்துக் கரை ஒதுங்கின. பவளத் திட்டுகளும் பாதிப்புற்றன. அங்கே பல்கிப் பெருகியிருந்ததும் இதே நாக்டிலூகாதான். அளவு மீறிப் பெருகி அவை மடியும்போது நீரிலுள்ள உயிர்வளி குன்றுகிறது. மீன்கள் மூச்சுக்குத் தவிக்கின்றன. ஒளிரும் கடலெல்லாம் நோயுற்ற கடல் என்று சொல்வது மிகை. எனினும், சுற்றுலாச் சென்றவனுக்கு விருந்தாய்த் தோன்றும் ஒன்று, வலையை நம்பி வாழ்பவனுக்குக் கவலையாகவும் இருக்கக்கூடும்.

படிப்பினையைக் குறிக்க அரபியில் ‘இப்ரத்’ என்றொரு சொல் உண்டு. கடந்து செல்லுதல் என்பது அதன் வேர்ப்பொருள். கண்டதிலேயே தங்கிவிடாமல், அதைக் கடந்து காணாததை அடைவதே இப்ரத். கரையில் நின்று படம் பிடித்துத் திரும்பியவன் ஒளியைக் கண்டான், கடக்கவில்லை.

இவ்வாறு எண்ணிக்கொண்டிருக்கையில்தான் என் பிழை எனக்குப் புலப்பட்டது. அஞ்சிக் கேட்ட அந்தச் சிறுவனின் தாய் பட்டாசு ஆலைக்கு வேலைக்குப் போகிறவர். எங்கோ வெடிச்சத்தம் கேட்டால் அவன் ஓதுவதை நிறுத்திவிட்டு வாசலைப் பார்ப்பான். அவன் அச்சத்தை நான் அறியாமை என்று எண்ணியிருந்தேன். உண்மையில், எங்கள் மூவருள் ஒளியின் மறுபக்கத்தை அறிந்தவன் அவன் ஒருவனே.

சிவகாசி, சாத்தூர், வெம்பக்கோட்டை வட்டாரங்களில் பிறக்கும் ஒளி நாட்டின் வானமெங்கும் பூக்கிறது. ஸ்ட்ரான்சியத்தால் சிவப்பு, அலுமினியத் தூளால் வெள்ளி. இது நாரிலிருந்து பிறக்கும் நூர். 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டியில் நேர்ந்த ஆலை விபத்தில் முப்பதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அவர்களுள் உதவிக்கென ஓடி வந்தவர்களும் இருந்தனர்.

பட்டாசே கூடாது என்று நான் சொல்ல வரவில்லை. அத்தொழிலால் அடுப்பெரியும் வீடுகளின் நடுவே வாழ்பவன் அப்படி எளிதில் சொல்லிவிட முடியாது. நுண்ணுயிரிடம் நாம் கணக்குக் கேட்க இயலாது. அது தன் நியதிப்படி ஒளிர்கிறது. மனிதன் செய்யும் ஒளிக்கோ கணக்கு உண்டு. மருந்து கலக்கும் அறை பாதுகாப்பானதா, அளவுக்கு மீறி ஆட்களை உள்ளே அமர்த்தினார்களா, கூலி நேர்மையானதா என்று கேட்கும் பொறுப்பு, ஆலை உடையவருக்கும் அதிகாரிக்கும் மட்டும் உரியதன்று. திருமண வீட்டில் வாணவேடிக்கை கண்டு மகிழும் நமக்கும் உரியது. நானும் பல முறை அண்ணாந்து பார்த்து மகிழ்ந்தவன்தான், ஒருமுறையேனும் கேட்டதில்லை.

மறுநாள் அச்சிறுவனிடம், “அது கியாமத்தின் அடையாளம் இல்லை, தம்பி. ஆனால் நீ பயந்ததில் தவறில்லை” என்றேன். அவன் ஒன்றும் சொல்லவில்லை. வாசலை ஒருமுறை பார்த்துவிட்டு, விட்ட இடத்திலிருந்து ஓதத் தொடங்கினான்.